இருபதுக்குக் கீழே இறங்காத பட்சி

"எவ்வளவு?" என்று கேட்டார் உத்தமன்.

ஷ்ரேயாஸ் ஷெட்டின் தரையில் கிட்டத்தட்டப் படுத்தே விட்டான். கவினின் கால்களுக்கு நடுவே தலையை நுழைத்து, எடைக் கருவியில் தெரிந்த எண்ணைப் பார்த்தான். பார்த்தவன் கண்ணாடியைக் கழற்றி, சட்டை நுனியில் துடைத்து, மறுபடி மாட்டிக்கொண்டு பார்த்தான்.

"ஏறியிருக்கு சார். ஸ்வல்ப."

"ஏறியிருக்கா! கூண்டுல நாலு குழாயை உருவிப் போட்டோமேப்பா. இறங்கித்தானே இருக்கணும்?"

"இறங்கணும் சார். ஆனா ஏறியிருக்கு. இருபத்திரண்டரை."

பட்சியை முதுகில் சுமந்தபடி கருவியின் மேல் நின்றிருந்த கவின், "நான் வேணும்னா இன்னொரு வாட்டி இறங்கி ஏறட்டுங்களா சார்?" என்றான். இறங்கி ஏறினான். அதே எண்தான் வந்தது.

பட்சி என்பது உத்தமன் தன் பாராமோட்டாருக்கு வைத்த செல்லப்பெயர். முதுகில் மாட்டிக்கொள்ள ஒரு சின்ன எஞ்சின், அதன் பின்னால் காற்றாடி, கையோ காலோ அதில் சிக்காமலிருக்கச் சுற்றிலும் ஒரு வட்டக் கூண்டு, அவ்வளவுதான். தலைக்கு மேலே பாராசூட் மாதிரி துணிச் சிறகு விரியும். கொஞ்ச தூரம் ஓடினால் ஆள் பறக்கலாம். ஆனால் முதலில் ஓட முடிய வேண்டும். சந்தையில் கிடைக்கிற மோட்டார்களை முதுகில் கட்டிக்கொண்டால் பாதிப் பேருக்கு நிற்பதே பெரும்பாடு. விமானத் தொழிற்சாலையில் முக்கால் ஆயுள் பெரிய பெரிய இறக்கைகளுக்குப் படம் போட்ட உத்தமன், விருப்ப ஓய்வு வாங்கிக்கொண்டு வந்து, பெங்களூர் அடுகோடியில் ஒரு டயர் கடைக்குப் பின்னால் ஷெட் பிடித்து, உலகத்திலேயே லேசான பட்சியைச் செய்யப் போகிறேன் என்று உட்கார்ந்திருந்தார்.

வாங்குவதற்கும் ஓர் ஆள் இருந்தார். மலையடிவாரத்தில் சாகச ரிசார்ட் நடத்தும் அனந்தபத்மநாபன். அவருடைய நிபந்தனை ஒன்றே ஒன்று. "இருபது கிலோவுக்குக் கீழ இருந்தா பத்து மிஷின் எடுத்துக்கறேன். இருபதுக்கு மேல ஒரு கிராம் இருந்தாலும் எனக்கு ஃபோன் பண்ணாதீங்க." தை மாசம் முதல் ஞாயிற்றுக்கிழமை அவருடைய மைதானத்துக்குப் பட்சியை எடுத்துக்கொண்டு போக வேண்டும்.

அந்த ஆர்டர் வராவிட்டால் என்ன ஆகும் என்பதும் வீட்டில் முடிவாகியிருந்தது. மனைவி வேதநாயகியின் தம்பி ஸ்ரீராம்புரத்தில் டிராவல்ஸ் வைத்திருக்கிறான். அங்கே ஒரு நாற்காலி காலியாக இருக்கிறது. அதில் உட்கார்ந்து திருப்பதி பஸ்ஸுக்கு சீட் போட்டுக் கொடுக்க வேண்டும். அந்த நாற்காலிக்குத் தப்ப உத்தமன் வீட்டில் ஓர் அவசரச் சட்டமும் போட்டிருந்தார். "பட்சி இருபதுக்குக் கீழ இறங்கற வரைக்கும் இந்த வீட்டுல வேற எந்தப் பேச்சும் கிடையாது. சொந்தக்காரங்க, விசேஷம், நல்லது கெட்டது எதுவும் என் காதுக்கு வரக் கூடாது. யாராவது வாயைத் திறந்தீங்க, நான் ஷெட்டுலயே படுத்துக்குவேன்."

எடை போடுவதிலேயே அவர்களுக்கு ஏகப்பட்ட அவஸ்தை. பட்சியைக் கருவியின் மேல் வைத்தால் கூண்டு கருவியையே மூடிவிடும், எண் தெரியாது. ஆரம்பத்தில் ஷெட்டின் கூரையில் கொக்கி போட்டுத் தொங்கவிட்டுப் பார்த்தார்கள். கொக்கி, காரை, ஒரு தகரம் எல்லாம் சேர்ந்து காற்றாடியின் மேல் விழுந்தன. ஷெட்டுக்காரர் கன்னடத்தில் ஆரம்பித்து உருதுவில் முடித்தார். அதற்குப் பிறகுதான் உத்தமன் இந்த வழியைக் கண்டுபிடித்தார். கவினை வெறுமனே ஏற்றி நிறுத்தினார், ஐம்பத்தெட்டு. அதைச் சுவரில் சாக்பீஸால் எழுதி, சுற்றிக் கட்டம் போட்டார். உத்தமன் கட்டம் போட்ட எண்ணை யாரும் கேள்வி கேட்கக் கூடாது என்பது தொழிற்சாலைக் காலத்திலிருந்தே வழக்கம். பட்சியோடு நிறுத்தி, ஐம்பத்தெட்டைக் கழித்தால் தீர்ந்தது விஷயம்.

அப்படித்தான் இருபத்துநாலில் ஆரம்பித்த பட்சி இருபத்திரண்டுக்கு வந்தது. இப்போது திரும்பி நடக்க ஆரம்பித்திருக்கிறது.

"எடுத்தா எடை குறையணும். அது இயற்கை. குறையலைன்னா யாரோ சேர்த்திருக்காங்க. அது மனுஷன்" என்றார் உத்தமன்.

சொல்லிவிட்டு, பட்சிக்குக் கணினியில் படம் போடும் கன்னடப் பையன் ஷ்ரேயாஸை உற்றுப் பார்த்தார். எலகங்காவில் இன்னொரு கம்பெனியும் பாராமோட்டார் செய்கிறது. தன்னுடையது பத்தொன்பது கிலோ என்று சொல்லிக்கொள்கிறது. ஷ்ரேயாஸின் வீடு எங்கே இருக்கிறது? எலகங்காவில். உத்தமனுக்குச் சட்டையின் உள்ளே குளிர்ந்தது.

"ஷ்ரேயாஸ், தினமும் எலகங்காவுலேருந்து வர்றியே, கஷ்டமா இல்லையா?"

"கஷ்டம்தான் சார். ஹெப்பாள் தாண்டறதுக்குள்ள பிராணனே ஹோகுத்தே."

"அப்புறம் ஏன் இவ்வளவு தூரம் வர்றே? வீட்டுக்குப் பக்கத்துலயே ஒரு கம்பெனி இருக்கே?"

"நீங்கதானே சார் வேலை குடுத்தீங்க?"

இவ்வளவு நேராகப் பதில் சொல்கிறவனை நம்பக் கூடாது என்று உத்தமன் அந்த இடத்திலேயே முடிவு செய்தார். மறுநாளிலிருந்து வீட்டிலிருந்தே படம் போட்டு அனுப்பினால் போதும் என்றார். ஷ்ரேயாஸ் துள்ளிக் குதித்து ஒப்புக்கொண்டான். ஷெட்டை விட்டுப் போவதில் ஒருத்தனுக்கு அப்படி என்ன சந்தோஷம்? அதுவும் சந்தேகமாகத்தான் இருந்தது.

ஷ்ரேயாஸ் போன பிறகு பட்சியிலிருந்து பட்டன் ஸ்டார்ட்டரையும் பேட்டரியையும் கழற்றி எறிந்துவிட்டு, கயிறு இழுத்துக் கிளப்புகிற மாதிரி மாற்றினார். கொத்தாக ஒன்றரைக் கிலோ போயிருக்க வேண்டும். சனிக்கிழமை கவினை நிறுத்திப் பார்த்தார். இருபத்திரண்டே முக்கால்.

"ஷெட்டுக்கு வேற சாவி இருக்கு கவின். அவன்கிட்ட ஒண்ணு இருந்திருக்கும். ராத்திரியில வந்து ஏதோ பண்றான்."

"பூட்டை மாத்திடலாங்களா சார்?"

"பூட்டை நம்பறதா? ஆளை நம்பணும். பட்சியை வீட்டுக்குக் கொண்டு போறோம். நீயும் வந்து எங்க மாடி ரூம்ல தங்கிக்கோ. பகல்ல வேலை, ராத்திரி காவல்."

உத்தமனுக்கு உலகத்தில் சந்தேகமே வராத ஒரே ஆள் கவின்தான். திருப்பத்தூர்ப் பக்கத்துப் பையன். மலையில் பாராகிளைடிங் பழகியவன். பட்சியைச் சோதித்துப் பறப்பதற்கென்றே வேலைக்கு வந்தவன், அடுகோடியில் ஒரு பி.ஜி. விடுதியில் மூட்டைப்பூச்சிகளோடு குடியிருந்தான். கொஞ்ச நாளாக மத்தியானச் சாப்பாடு மட்டும் அவனுக்கு உத்தமன் வீட்டுக் கேரியரில் வந்துகொண்டிருந்தது. எதைச் சொன்னாலும் தலையாட்டுவான். எதிர்க் கேள்வி கேட்காத ஆளிடம் சூது இருக்காது என்பது உத்தமனின் கொள்கை. அவன் உடனே தலையாட்டினான். காதுவரை சிவந்து போய் ஆட்டினான். விசுவாசத்தில் சிவக்கிறான் என்று உத்தமன் நெகிழ்ந்து போனார்.

ஜீவனஹள்ளி வீட்டு ஹாலில் சோபாவை வெளியே தள்ளிவிட்டுப் பட்சியை வைத்தார்கள். இதற்கு வேதநாயகியோடு ஒரு பெரிய சண்டை இருக்கும் என்று எதிர்பார்த்து, பதில்களையெல்லாம் ஆட்டோவிலேயே தயார் செய்துகொண்டு வந்திருந்தார் உத்தமன்.

"கவின் மாடியிலே தங்கப் போறான்" என்றார் சண்டைக்குத் தயாராக.

"சரிங்க."

"தை மாசம் வரைக்கும்."

"இருக்கட்டுமே. ரூமைப் பெருக்கி வெக்கறேன்."

"பெட்ரோல் வாசனை அடிக்கும்."

"ஜன்னலைத் தொறந்து வெச்சா போச்சு."

கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் வேதநாயகி தொடர்ந்து மூன்று விஷயங்களுக்குச் சரி என்று சொன்னதில்லை. மகள் ரூபினியைத் திரும்பிப் பார்த்தார். ஐ.டி. கம்பெனிக்குப் போகிற பெண், வீட்டில் எது மாறினாலும் முதலில் கொடி பிடிப்பவள். அவள் லேப்டாப்பிலிருந்து தலையையே தூக்கவில்லை. சந்தேகத்தை மனதுக்குள் குறித்துக்கொண்டு, "அவனுக்கு எதுலயும் ஒரு குறையும் வெக்காதே. காவல் காக்கறவன்" என்று மட்டும் சொல்லிவிட்டு உள்ளே போனார்.

அடுத்த சனிக்கிழமை இருபத்துமூன்றே கால்.

அந்த வாரம் பெட்ரோல் டேங்கைச் சின்னதாக்கியிருந்தார். அலுமினியக் குழாய்களை எடுத்துவிட்டுக் கார்பன் குழாய்கள் போட்டிருந்தார். எல்லாம் லேசு. சுண்டினால் பறக்கும். ஆனால் கூட்டிக் கழித்தால் எண் மேலேதான் போகிறது.

ஹாலில் நின்றபடி யோசித்துக்கொண்டிருந்தபோது சமையலறையிலிருந்து வேதநாயகி போனில் பேசுவது கேட்டது. குரலைத் தாழ்த்திப் பேசிக்கொண்டிருந்தாள். தன் குரலைத் தாழ்த்த முடியும் என்று அவள் இதுவரை காட்டிக்கொண்டதே இல்லை.

"இன்னும் இறங்கலைங்க... ஆமா, இருபத்துமூணுலதான் நிக்குது... கொஞ்சம் பொறுத்துக்குங்க. இருபதுக்குக் கீழ வந்துட்டா அன்னிக்கே நானே முடிச்சுக் குடுத்துடறேன்... அவருக்கு ஒண்ணும் தெரியாது, நீங்க பயப்படாதீங்க..."

உத்தமன் காற்றாடியைப் பிடித்துக்கொண்டு நின்றார். எதிரி எலகங்காவில் இல்லை. அடுப்படியில் இருக்கிறான். இருக்கிறாள்.

வேதநாயகிக்குப் பட்சியைப் பிடிக்காது என்பது ஊரறிந்த விஷயம். 'தொழிற்சாலையில பென்ஷனோட இருக்க வேண்டிய மனுஷன் ஃபேனுக்குக் கூண்டு கட்டறாரு' என்று அவள் தம்பியிடம் சொன்னதை அவரே கேட்டிருக்கிறார். ஆனால் எதிரிக் கம்பெனிக்கு எடையை ஒப்பிக்கிற அளவுக்கு? 'முடிச்சுக் குடுத்துடறேன்' என்றால் யாரை முடிப்பது?

மூன்று நாள் கழித்து இன்னும் மோசமானது. ஷெட்டிலிருந்து சீக்கிரமாக வீட்டுக்கு வந்தால், ஹாலில் முன்பின் தெரியாத ஒரு வயதான தம்பதி காபி குடித்துக்கொண்டிருந்தார்கள். அந்த அம்மாள் ரூபினியையே பார்த்துக்கொண்டிருந்தாள். அந்த ஆளோ பட்சியைச் சுற்றிச் சுற்றி வந்து பார்த்துக்கொண்டிருந்தார். குனிந்து எஞ்சினைப் பார்த்தார். கூண்டை ஆட்டிப் பார்த்தார். உத்தமனைக் கண்டதும், "இது நடு வானத்துல நின்னு போனா ஆளுக்கு இன்னாங்க ஆவும்?" என்று கேட்டார்.

"ஏன் கேக்கறீங்க?"

"சும்மாதாங்க. கூண்டு ரொம்ப மெல்லிசா இருக்குதே. இன்னும் ரெண்டு கம்பி போட்டா கெட்டியா இருக்குமில்ல?"

இன்னும் ரெண்டு கம்பி! எடையைக் கூட்டச் சொல்கிறான்! உத்தமன் வாயைத் திறப்பதற்குள் வேதநாயகி நடுவில் புகுந்தாள். "மாடிப் போர்ஷனை வாடகைக்குக் கேட்டு வந்திருக்காங்க. ஏற்கனவே ஆள் இருக்குன்னு சொல்லிட்டேன். கெளம்பிட்டாங்க." அவர்கள் கிளம்பவில்லை. பாதிக் காபியில் கிளப்பிவிடப்பட்டார்கள். வாசல்வரை போன அந்த அம்மாள் திரும்பிவந்து ரூபினியின் கன்னத்தைத் தொட்டுவிட்டுப் போனதை உத்தமன் பார்த்தார். வாடகைக்கு வீடு கிடைக்காதவர்கள் வீட்டுக்காரன் மகளைக் கொஞ்சுவதை இந்தப் பெங்களூரில் அவர் பார்த்ததில்லை.

அன்று சாயங்காலமே கவினை மொட்டை மாடிக்கு அழைத்துப் போய்க் கதவைச் சாத்தினார்.

"கவின், இனிமே நீ பட்சியைப் பாக்க வேணாம். அதை நான் பாத்துக்கறேன். நீ எங்க வீட்டம்மாவையும் ரூபினியையும் பாரு."

கவினுக்குப் புரையேறியது. "சார்?"

"அவங்க எங்க போறாங்க, யாரைப் பாக்கறாங்க, என்ன பேசறாங்க, எல்லாம் எனக்கு வேணும். லீவு நாள்ல எங்க போனாலும் நீ கூடவே போ. பை தூக்கற மாதிரி போ. சந்தேகம் வராது."

"சார், அது... தப்பா இருக்குங்களே சார்."

"தப்புதான். எனக்கு வேற வழி இல்லடா. என் வீட்டுலயே என்னை விக்கறாங்க." "இருபதுக்குக் கீழ இறங்கலைன்னா எனக்கு அந்த டிராவல்ஸ் நாற்காலிதான். அதுக்கு மேல நான் எதையும் செய்ய முடியாது. உன்னை விட்டா எனக்கு யாரும் இல்ல."

கவின் தலையைக் குனிந்துகொண்டான். பிறகு வழக்கம் போலத் தலையாட்டினான்.

உளவு அறிக்கைகள் ஞாயிறுதோறும் ஒழுங்காக வந்தன. கமர்ஷியல் ஸ்ட்ரீட்டில் துணிக் கடை, ரெண்டு மணி நேரம், சந்தேகப்படும்படி ஒன்றுமில்லை. சிவாஜிநகரில் பாத்திரக் கடை, ஒன்றுமில்லை. அல்சூரில் கோயில், அர்ச்சனை, ஒன்றுமில்லை. "பாப்பா ஒரு சினிமாவுக்குப் போனாங்க சார். தனியா வந்திருந்தாங்க. நானும் பக்கத்துல உக்காந்து கடைசி வரைக்கும் கவனிச்சேன். ஒண்ணுமில்ல." நல்ல உளவாளி கிடைப்பது கஷ்டம். இவ்வளவு பொறுமையான உளவாளி கிடைப்பது அதைவிடக் கஷ்டம். உத்தமன் அவன் முதுகில் தட்டிக்கொடுத்தார்.

பட்சி மட்டும் அடங்கவில்லை. இப்போது உத்தமன் கண்ணில் பட்ட இடத்திலெல்லாம் ஓட்டை போட ஆரம்பித்தார். எஞ்சினைத் தாங்கும் தகடு இடியாப்ப அச்சு மாதிரி ஆனது. சைலன்சரைப் பாதியாக வெட்டினார், கிளப்பினால் தெருவே வெளியே வந்து பார்த்தது. முதுகுப் பட்டையின் உள்ளே வைத்திருந்த ஸ்பாஞ்சைப் பிடுங்கினார். எஞ்சின் மேல் ஒட்டியிருந்த கம்பெனி ஸ்டிக்கரைக்கூடச் சுரண்டி எடுத்தார். ஷ்ரேயாஸ் கணினியில் கூட்டிப் பார்த்துப் போன் செய்தான். "சார், என் கணக்குல பதினாறரை கிலோதான் வருது. இதுக்கு மேல எடுத்தா எஞ்சின் மாத்திரம்தான் மிச்சம்."

"உன் கணக்கு உன்கிட்டயே இருக்கட்டும்பா. கருவி இருபத்துநாலரை காட்டுது."

கணக்குக்கும் கருவிக்கும் நடுவே எட்டு கிலோ. குழாய்க்குள் ஈயத்தை உருக்கி ஊற்றியிருக்கிறார்களோ என்று ஒவ்வொரு குழாயையும் தட்டித் தட்டிக் காதை வைத்துக் கேட்டார். ஒன்றின் சத்தம் மட்டும் வேறு மாதிரி இருந்ததால் அதை அறுத்தே பார்த்தார். உள்ளே காற்றுதான் இருந்தது. அறுத்ததை ஒட்டுவதற்குப் பசை பூசியதில் ஐம்பது கிராம் கூடியதுதான் மிச்சம்.

கடைசியாக அவர் சந்தேகம் ஓஸ்வால்டின் மேல் விழுந்தது. காக்ஸ் டவுனில் கோட்டு சூட்டு தைக்கிற பழைய டெய்லர். பட்சியை முதுகோடு கட்டுகிற பட்டைகளையெல்லாம் அவர்தான் தைத்துக் கொடுத்தார். ஒரு நாள் மத்தியானம் உத்தமன் தெருமுனை திரும்பும்போது, ஜீவனஹள்ளி வீட்டிலிருந்து ஓஸ்வால்ட் டேப்பைக் கழுத்தில் போட்டுக்கொண்டு இறங்கி வந்தார்.

"இங்க என்ன பண்றீங்க ஓஸ்வால்ட்?"

"ஒண்ணும் இல்ல மேன். அளவு எடுக்க வந்தேன்."

"பட்டைக்கா? நான் கூப்பிடவே இல்லையே?"

ஓஸ்வால்ட் மேலே பால்கனியைப் பார்த்தார். அங்கே வேதநாயகி நின்றுகொண்டிருந்தாள். "பட்டைக்குத்தான் மேன். வேற எதுக்கு?" என்று சொல்லிவிட்டு, அந்த வயதில் போகக்கூடாத வேகத்தில் நடந்து போனார். உத்தமன் ஓடிப்போய்ப் பட்டைகளைத் தடவிப் பார்த்தார். பித்தளைக் கொக்கி ஏதாவது சேர்த்திருக்கிறதா? இல்லை. சதி அவ்வளவு நுணுக்கமாக இருந்தது.

தை மாசம் பிறந்தது. முதல் ஞாயிற்றுக்கிழமை காலையில் உத்தமன் கிளம்பியது பட்சியை விற்க அல்ல. அனந்தபத்மநாபனிடம் சதியை எடுத்துச் சொல்லி, ஒரு மாசம் அவகாசம் கேட்கத்தான். கெஞ்ச வேண்டியிருக்கும் என்று தெரிந்தே கிளம்பினார். போகிற வழியெல்லாம் வேனின் ஜன்னலில் ஸ்ரீராம்புரத்து நாற்காலி தெரிந்துகொண்டே வந்தது.

காலையிலேயே இன்னொரு சகுனமும் ஆகியிருந்தது. கவின் பட்சியை மாட்டிப் பார்த்தபோது இடுப்புப் பட்டை எட்டவில்லை. போன மாசம் வரை எட்டியது. "பட்டையையும் வெட்டிட்டாங்க!" என்று உத்தமன் கத்தினார். ஓஸ்வால்டை ஊசி நூலோடு வேனில் ஏற்றிக்கொண்டு வர வேண்டியதாயிற்று. நேரில் இருந்தால் கண்காணிக்கவும் வசதி என்று உத்தமன் நினைத்தார். வேதநாயகியும் ரூபினியும் நாங்களும் வருகிறோம் என்று ஏறிக்கொண்டார்கள். சந்தேகப் பட்டியல் முழுவதையும் ஒரே வேனில் ஏற்றிக்கொண்டு உத்தமன் மைதானத்தில் போய் இறங்கினார்.

அனந்தபத்மநாபன் தொப்பியும் கூலிங் கிளாஸுமாகக் காத்திருந்தார். அவருடைய ஆட்கள் மூன்று கால் கம்பத்தில் ஒரு கொக்கித் தராசைத் தொங்கவிட்டிருந்தார்கள்.

"முதல்லயே சொல்லிடறேன் சார்" என்று ஆரம்பித்தார் உத்தமன். "என்னைச் சுத்தி ஒரு பெரிய சதி நடந்திருக்கு. என் டிசைன்ல தப்பு இல்ல. இருபத்துநாலரை இருக்கும். ஆனா அதுல எட்டு கிலோ என்னுது இல்ல. எனக்கு ஒரே ஒரு மாசம்..."

"மொதல்ல மாட்டுங்கப்பா" என்றார் அனந்தபத்மநாபன்.

கொக்கியில் பட்சி ஊசலாடியது, மெதுவாக நின்றது. தராசு பார்த்த ஆள் திரும்பினான்.

"பதினாறு புள்ளி ஆறு சார்."

வேதநாயகி ரூபினியின் கையைப் பிடித்துக்கொண்டு, "இறங்கிடுச்சு! இறங்கிடுச்சுங்க!" என்று கத்தினாள். அவள் கண்ணில் தண்ணீர்.

"பதினாறா? பிரமாதம் உத்தமன்!" அனந்தபத்மநாபன் கையை நீட்டினார். "பத்து என்ன, பதினஞ்சு எடுத்துக்கறேன்."

உத்தமன் அந்தக் கையைப் பார்க்கவே இல்லை. அவர் முகம் வெளுத்திருந்தது.

"திருட்டு" என்றார்.

"என்னது?"

"நேத்து வரைக்கும் இருபத்துநாலரை சார்! எட்டு கிலோவைக் கழட்டிட்டாங்க!"

"உத்தமன், எடை கம்மியா இருக்குன்னு சந்தோஷப்படுங்க."

"எப்படி சார் சந்தோஷப்படறது? எதைக் கழட்டினாங்கன்னு தெரியாம இதை எப்படிப் பறக்க விடறது?" பட்சியைக் கீழே இறக்கி, மண்டியிட்டு ஒவ்வொரு போல்ட்டாகத் தொட்டுப் பார்த்தார். எஞ்சின் இருந்தது. காற்றாடி இருந்தது. அவர் போட்ட ஓட்டைகள்கூட அத்தனையும் இருந்த இடத்தில் இருந்தன. எழுந்து நின்று அனந்தபத்மநாபனைப் பார்த்த பார்வை நன்றாக இல்லை. "இந்தத் தராசு யாருது?"

அனந்தபத்மநாபன் கூலிங் கிளாஸைக் கழற்றினார். "என்னையும் சேத்துட்டீங்களா? தன் சரக்கு நல்லாருக்குன்னு சொன்னா சண்டைக்கு வர்ற ஆளை நான் இப்பத்தான் பாக்கறேன்." ஐந்து லிட்டர் தண்ணீர்க் கேனைக் கொண்டுவரச் சொல்லிக் கொக்கியில் மாட்டிக் காட்டினார். தராசு பிசகாமல் ஐந்து காட்டியது. "போதுமா? இப்ப நீங்களா ஒரு முடிவுக்கு வாங்க. சாயங்காலம் வரைக்கும் நிக்க எனக்கு நேரமில்ல. எட்டு கிலோ எங்க போச்சுன்னு சொன்னா ஆர்டர். இல்லேன்னா எடுத்துக்கிட்டுக் கிளம்புங்க. காணாமப் போற பாகம் இருக்கற மிஷின்ல என் ஆளுங்களை ஏத்த மாட்டேன்."

உத்தமன் மெல்லத் திரும்பினார். ஷ்ரேயாஸ் இரண்டு மாசமாகப் பட்சியைத் தொடவில்லை. வேதநாயகிக்கு ஸ்பானர் பிடிக்கத் தெரியாது. ரூபினி வேலைக்குப் போகிறவள். பட்சியோடு பகலும் ராத்திரியும் இருந்தது யார்? ஷெட்டில், வீட்டில், வேனில்?

கவின் நின்றுகொண்டிருந்தான். ஓஸ்வால்ட் அவன் முன்னால் மண்டியிட்டு, வாயில் குண்டூசிகளைக் கவ்வியபடி, இடுப்பைச் சுற்றி டேப் வைத்து அளந்துகொண்டிருந்தார்.

"நீயா?" என்றார் உத்தமன். "உன்னை நம்பினேனேடா. என் வீட்டுல வெச்சு சோறு போட்டேன்."

"சார், நான் எதையும் எடுக்கலை சார்" என்றான் கவின். அவனுக்கு வேர்த்துக் கொட்டியது. ரூபினியைப் பார்த்தான். ரூபினி அம்மாவைப் பார்த்தாள்.

"அப்பா, அவரை ஒண்ணும் சொல்லாதீங்க" என்றாள் ரூபினி.

"நீ சும்மா இரு! எட்டு கிலோ எங்கடா? இப்பவே சொல்லு. இல்லேன்னா ஆனது ஆகட்டும்னு போலீஸைக் கூப்பிடறேன்."

"ஏங்க, கொஞ்சம் நான் சொல்றதைக் கேளுங்க" என்று வேதநாயகி ஓடி வந்தாள். வரும்போதே ஓஸ்வால்டைப் பார்த்து வேண்டாம் வேண்டாம் என்று கையை ஆட்டினாள். ஓஸ்வால்டின் கண் டேப்பில் இருந்தது. வாயிலிருந்த குண்டூசிகளை ஒவ்வொன்றாக எடுத்துச் சட்டைக் காலரில் குத்திக்கொண்டு, முழங்காலைப் பிடித்து எழுந்து நின்றார்.

"போலீஸ் எல்லாம் எதுக்கு மேன், உன் எட்டு கிலோ இதோ என் டேப்புக்குள்ளதான் நிக்குது. மாப்பிள்ளை கோட்டை ரெண்டு வாட்டி பிரிச்சுத் தெச்சாச்சு, முகூர்த்தத்துக்குள்ள உன் வீட்டம்மா இவனுக்கு இன்னும் எத்தனை வாட்டி ஆக்கிப் போடப் போறாங்கன்னு நீயாவது கேட்டுச் சொல்லேன்."